ரேடியோ போன விமானத்துக்குப் பக்கத்தில்

நான் படித்த பள்ளியின் வாசலில் போன மாதம் எனக்கு ஒரு பிளக்ஸ் வைத்தார்கள். ஆண்டு விழாவுக்கு நான்தான் சிறப்பு விருந்தினர். சீருடையில் இருக்கிற என் பழைய படத்தை எங்கிருந்தோ தேடிப் பிடித்து, முகத்தை நன்றாக வெளுக்க வைத்து, பின்னால் ஒரு போர் விமானம் பறக்கிற மாதிரி போட்டிருந்தார்கள். அந்த விமானம் நான் ஓய்வு பெற்ற பிறகு வந்தது. போகட்டும். கீழே இருந்த வரிதான் என்னை ஆட்டோவிலிருந்து இறங்க வைத்தது. “எதிரியின் நான்கு விமானங்களைச் சுட்டு வீழ்த்திய ஆம்பூர் சிங்கமே, வருக!”

பழைய மாணவர் சங்கத்தின் செயலாளர் குணசேகரனுக்கு போன் போட்டேன். ஷூ கம்பெனி ஒன்றில் மேலாளர், நல்ல மனிதர், எதையும் பேசி முடித்துவிடலாம் என்று நம்புகிறவர்.

“குணசேகரன், நான் எந்த விமானத்தையும் சுட்டு வீழ்த்தலையே.”

“இன்னா சார், நாலு ஜாஸ்தியா தெரியுதா? ரெண்டுன்னு மாத்திடலாமா?”

“ஒண்ணுகூட இல்லப்பா.”

“ஒண்ணாவது இருக்கட்டும் சார். யாரு போய் எண்ணப் போறாங்க? பசங்களுக்கு ஒரு கெத்து வேணும்ல?”

தோல் மண்டியில் சரக்குக்குப் பேரம் பேசுகிற மாதிரியே பேசினார். நான் படியவில்லை. கடைசியில் சலித்துப்போய்க் கேட்டார்: “அப்ப மெடலு எதுக்கு சார் குடுத்தாங்க?”

நியாயமான கேள்வி. ஆண்டு மலரில் எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டேன். மறுநாள் போய்ப் பார்த்தால், ‘நான்கு’ என்ற சொல்லின் மேல் வெள்ளைத் தாள் ஒட்டியிருந்தார்கள். இப்போது அதைப் படித்தால், எதிரியிடம் இருந்த விமானங்கள் மொத்தத்தையும் நானே வீழ்த்திய மாதிரி இருந்தது. இனியும் தாமதித்தால் நாட்டையே பிடித்தேன் என்று எழுதிவிடுவார்கள் என்பதால் உடனே எழுத உட்கார்ந்துவிட்டேன்.

என் அப்பா ஆம்பூரில் ஒரு தோல் ஆலையில் தரம் பிரிக்கிற வேலையில் இருந்தார். பதனிட்ட தோலை உள்ளங்கையால் தடவிப் பார்த்து, இது மேல்தரம், இது இரண்டாம் தரம் என்று எடுத்து வைப்பார். நான் மேல்விஷாரத்தில் கல்லூரி முடித்ததும் என்னையும் அதே ஆலைக்குள் இழுத்துவிடப் பார்த்தார். நானோ விமானப்படைத் தேர்வுக்குப் போய்த் தேறிவிட்டேன். “பேஜார் புடிச்ச வேலைடா அது. மேல போனா கீழ வர்றதுக்கு கேரண்டி இல்ல,” என்றார். அதோடு சரி, தடுக்கவில்லை. பயிற்சிக் காலத்தைப் பற்றிப் பெரிதாகச் சொல்ல ஒன்றும் இல்லை. நிறைய ஓடினேன், நிறையத் திட்டு வாங்கினேன், என்னோடு சேர்ந்தவர்களில் பாதிப் பேரை வேறு பிரிவுகளுக்கு அனுப்பிவிட்டார்கள், என்னை வைத்துக்கொண்டார்கள். எனக்குக் கை நன்றாக இருந்தது. அதை அடக்கமாகச் சொல்ல எனக்குத் தெரியவில்லை.

ஹண்டர் என்கிற ஒற்றை இருக்கைப் போர் விமானம் ஓட்டுகிற ஸ்க்வாட்ரனுக்கு என்னை அனுப்பினார்கள். அங்கே எனக்கு மேலதிகாரியாக வாய்த்தவர் ஸ்க்வாட்ரன் லீடர் ரூஸ்தம். பம்பாய்ப் பார்சி. ஒல்லியாக, உயரமாக, எப்போதும் கலையாத தலைமுடியோடு இருப்பார். விமானத்திலிருந்து இறங்கியதும் காலுறைக்குள் செருகி வைத்திருக்கிற சீப்பை எடுத்து, ஹெல்மெட் அமுக்கிய முடியை வாரி முடித்த பிறகுதான் யாரிடமும் பேசுவார். அதுவரை பக்கத்தில் நிற்கிற தரைப்பணியாளர்களும் வாயைத் திறக்க மாட்டார்கள். என் பெயர் அப்துல் ரவூப். அவருக்கு நான் வெறும் ‘ஆம்பூர்’. இன்றைக்கு ஆம்பூர் என்றால் நாடே பிரியாணி என்கிறது. அன்றைக்கு அங்கே யாருக்கும் ஊர் எந்தத் திசை என்றே தெரியாது. “மெட்ராஸிலிருந்து பெங்களூர் போகிற ரயில் பாதையைப் பிடித்துப் பறங்க சார். ஏலகிரி மலை வந்தால் என் ஊரைத் தாண்டிட்டீங்கன்னு அர்த்தம்,” என்று ஒருமுறை வழி சொன்னேன். “உன் ஊருக்கு நான் வந்தால், நீதான் முன்னால் பறக்க வேண்டும்,” என்றார்.

அவர் யாரையும் கத்தித் திட்டியதில்லை. அதைவிட மோசமான வழக்கம் ஒன்று அவரிடம் இருந்தது. பறந்து வந்ததும் எதிரே உட்காரவைத்து, தன் உள்ளங்கையைக் கவிழ்த்து நீட்டுவார். அது அவருடைய விமானம். “நீ எங்கே இருந்தாய்?” என்பார். நம் உள்ளங்கையை நாம் இருந்த இடத்தில் நீட்ட வேண்டும். பொய் சொல்ல முடியாது, ஏனென்றால் அவர் பார்த்திருப்பார். நாம் தள்ளி வைத்தால் மணிக்கட்டைப் பிடித்து, இருந்திருக்க வேண்டிய இடத்துக்கு இழுத்து வைப்பார். ஒரு வார்த்தை வராது. நான்கு பேர் பார்க்க, கை அப்படியே அந்தரத்தில் நிற்கும். அதற்கு முன்னால் தன்னுடைய தப்பு என்ன என்பதை அவரே முதலில் சொல்லியிருப்பார். லீடர் தன் தப்பைச் சொல்லித்தான் பேச்சை ஆரம்பிக்க வேண்டும் என்பது அவர் வைத்திருந்த ஒழுங்கு.

இன்னொரு விஷயத்தையும் இங்கே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் பின்னால் வருவது புரியாது. நாங்கள் இரண்டிரண்டு பேராகப் பறப்போம். முன்னால் போகிறவர் லீடர். பக்கத்தில் கொஞ்சம் பின்தள்ளிப் பறக்கிறவன் நம்பர் டூ. நம்பர் டூவுக்கு ஒரே வேலை, லீடரை விட்டுப் பிரியக் கூடாது. ரேடியோ கெட்டுப்போனால் கையால் பேசிக்கொள்வோம். காதருகே கையை வைத்துக் கட்டைவிரலைக் கீழே காட்டினால் ரேடியோ போய்விட்டது. குடிக்கிற மாதிரி கட்டைவிரலை வாயிடம் கொண்டுபோனால் எரிபொருள் எவ்வளவு என்று கேட்கிறார். தலைமை மாற வேண்டும் என்றால், லீடர் தன் ஹெல்மெட்டைத் தட்டிவிட்டு மற்றவனைச் சுட்டுவார். அவன் தன் ஹெல்மெட்டைத் தட்டினால் ஒப்புக்கொண்டான் என்று பொருள். அந்த நொடியிலிருந்து அவன்தான் லீடர். பதவி, வயது, அனுபவம் எதுவும் அங்கே செல்லாது. இவன் முன்னால் போவான், அவர் பின்னால் வர வேண்டும்.

எழுபத்தொன்றில் போர் வந்தது. நாங்கள் மேற்கு எல்லையில் இருந்தோம். ஒரு பகலில், எல்லைக்கு அப்பால் ஒரு ரயில் நிலையத்தில் டாங்கிகள் ஏற்றிய வண்டி நிற்கிறது என்று தகவல் வந்து, ரூஸ்தம் சாரும் நானும் கிளம்பினோம். மணல்மேட்டை உரசுகிற மாதிரி தாழப் பறந்துபோய், அவர் முதலில் பாய்ந்தார், நான் அவர் பின்னால் பாய்ந்தேன். கீழேயிருந்து பீரங்கிகள் சுட்டன. வண்டி எரிந்ததைப் பார்த்தேன். மேலே எழும்பி, “லீடர், டூ உங்களுக்குப் பின்னால்,” என்றேன். பதில் இல்லை. மறுபடி கூப்பிட்டேன். அப்போதும் இல்லை. தலையைத் திருப்பித் திருப்பி அவரைத் தேடினேன்.

கீழே இடப்பக்கம் அவர் விமானம் மெதுவாக ஊர்ந்துகொண்டிருந்தது. இறங்கி அவர் பக்கத்தில் போய் ஒட்டினேன். விமானத்தின் மூக்குப் பகுதியில் ஒரு ஓட்டை. அவருக்கு எதிரேயிருந்த கண்ணாடி முழுக்க விரிசல் விட்டு, சுண்ணாம்பு அடித்த மாதிரி வெள்ளையாகிவிட்டிருந்தது. பக்கக் கண்ணாடி மட்டும் தெளிவு. அவர் என் பக்கம் திரும்பி, காதருகே கை வைத்துக் கட்டைவிரலைக் கீழே காட்டினார். பிறகு முகத்துக்கு முன்னால் கையைக் குறுக்கும் நெடுக்கும் ஆட்டினார். ரேடியோ இல்லை, முன்னால் எதுவும் தெரியவில்லை.

குதித்துவிடலாமே என்று கேட்பீர்கள். ரூஸ்தம் சார் ஏற்கெனவே ஒருமுறை விமானத்திலிருந்து குதித்து முதுகெலும்பை உடைத்துக்கொண்டவர். விமானியை வெளியே வீசுகிற அந்த இருக்கை இன்னொரு தடவை அவரைத் தூக்கி எறிந்தால் பிழைத்தாலும் நடக்க முடியாது என்பது ஸ்க்வாட்ரனில் எல்லாருக்கும் தெரியும். எங்களுக்குத் தெரியாது என்று அவர் மட்டும் நினைத்துக்கொண்டிருந்தார். அவர் வீடு திரும்ப ஒரே வழிதான் இருந்தது. பக்கக் கண்ணாடி வழியாக என் இறக்கையைப் பார்த்துக்கொண்டே என்னோடு ஒட்டிப் பறந்து, என்னோடு ஒட்டியே தரை இறங்க வேண்டும்.

அவர் தன் ஹெல்மெட்டைத் தட்டினார். என்னைச் சுட்டினார்.

படையிலேயே சிறந்த விமானி என்று நான் நினைத்த மனிதர், என்னை முன்னால் போகச் சொல்கிறார். பெருமையாக இருந்தது. பயமாகவும் இருந்தது. ஆனால் பெருமைதான் ஜாஸ்தி. நான் என் ஹெல்மெட்டைத் தட்டினேன்.

அடிபட்ட விமானத்தை வேகமாக ஓட்ட முடியாது. மெதுவாகவும் தாழ்வாகவும் பறந்தால் எரிபொருள் தண்ணீராய்ப் போகும். கொஞ்ச தூரம் போனதும் அவர் கட்டைவிரலை வாயிடம் கொண்டுபோனார். என்னிடம் எவ்வளவு இருக்கிறது என்று கேள்வி. விரல்களை நீட்டி, இருந்ததை இருந்தபடி காட்டினேன். அவர் கணக்குப் போட்டிருப்பார். இதே வேகத்தில் அவரை இழுத்துக்கொண்டு வந்தால் எனக்கு ஓடுபாதை வரைக்கும் வருமா என்பது சந்தேகம். தனியாகப் பறந்தால் நான் தாராளமாகப் போய்ச் சேரலாம். அவர் கையை முன்னால் வீசினார். போய்விடு என்றார்.

நான் நேராகப் பார்த்துக்கொண்டு பறந்தேன். மறுபடி வீசினார். நான் அடிவானத்தை அவ்வளவு அக்கறையாக அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

அப்புறம் அவர் ஒரு காரியம் செய்தார். இறக்கையைச் சாய்த்து, வேண்டுமென்றே என்னைவிட்டு விலகினார். பின்தங்கிப்போனால் நான் போய்விடுவேன் என்று கணக்கு. முன்னால் எதுவும் தெரியாத மனிதர், ரேடியோ இல்லாத விமானத்தில், எனக்காகத் தன் ஒரே வழியையும் வெட்டிவிட்டார். எனக்குக் கோபம் வந்தது. எரிபொருளைப் பற்றி நினைக்காமல் ஒரு வட்டம் அடித்துத் திரும்பி, முன்பைவிட நெருக்கமாகப் போய் ஒட்டினேன். அவர் முஷ்டியை ஆட்டித் திட்டினார். என்ன சொன்னார் என்று கேட்கவில்லை. நல்லதாக இருந்திருக்காது. நான் அவரைப் பார்த்து என் ஹெல்மெட்டை மறுபடி ஒருமுறை தட்டினேன்.

அதற்குப் பிறகு அவர் விலகவில்லை.

தளத்தை நெருங்கும்போதே கட்டுப்பாட்டுக் கோபுரத்திடம் சொல்லிவிட்டேன். இரண்டு பேரும் ஒன்றாக இறங்குகிறோம், ஓடுபாதையைக் காலியாக வையுங்கள், ஒரு தடவைதான், மறுபடி சுற்றி வர எனக்கு எரிபொருள் இல்லை. கையை மடக்கிக் கீழே இறக்கிக் காட்டினேன், சக்கரத்தை இறக்கச் சொல்லும் சைகை. அடிபட்டதில் மின்சாரமும் போய்விட்டதால் அவருடைய விளக்குகள் எரியவில்லை, சக்கரம் இறங்கியதா என்று அவருக்கே தெரியாது. நான் அவர் விமானத்தின் வயிற்றுக்கடியில் எட்டிப் பார்த்து, எல்லாச் சக்கரமும் இறங்கியதை உறுதி செய்துகொண்டு கட்டைவிரலை உயர்த்தினேன். ஓடுபாதையின் வலது பாதியில் நான், இடது பாதியில் அவர். எனக்கு முன்னால் தரை தெரிகிறது. அவருக்கு என் இறக்கையும் என் முகமும் மட்டும் தெரிகின்றன. நான் ஓர் அடி வலப்பக்கம் நகர்ந்தால் அவரும் நகருவார், தவறான பக்கம் நகர்ந்தால் அவரை மண்ணில் இறக்கிவிடுவேன். அன்றைக்கு என் கை சொன்னபடி கேட்டது. தரைக்கு மேலே கடைசியாக ஒருமுறை தலையை அசைத்தேன், இறங்கலாம் என்று. அவர் சக்கரமும் என் சக்கரமும் சேர்ந்தே தரையைத் தொட்டன.

ஓடுபாதையிலிருந்து திரும்பி நிறுத்துமிடத்துக்கு வருகிற வழியில் என் இன்ஜின் தானாகவே அணைந்தது. டிராக்டர் வந்து என் விமானத்தைக் கட்டி இழுத்துப் போனது. ரூஸ்தம் சார் தன் விமானத்திலிருந்து இறங்கி, காலுறையிலிருந்து சீப்பை எடுத்து, முழுசாக முடியை வாரினார். வழக்கத்தைவிட நேரம் எடுத்துக்கொண்டார். நாங்கள் எல்லாரும் வாயைத் திறக்காமல் நின்றோம்.

பிறகு அறைக்குள் போய், என்னை எதிரே உட்காரவைத்து உள்ளங்கையை நீட்டினார். நான் என் உள்ளங்கையை நீட்டினேன். எங்கள் பேச்சு ஆங்கிலத்தில் நடந்தது, இங்கே தமிழில் தருகிறேன்.

“போகச் சொல்லிக் கை காட்டினேன். பார்த்தாயா?”

“வெயில் கண்ணில் அடித்தது சார்.”

“வெயில் உன் முதுகுக்குப் பின்னால் இருந்தது.”

“பார்த்தேன் சார்.”

“பார்த்துவிட்டு ஏன் போகவில்லை?”

“அதற்கு முன்னாடியே நீங்கள் தலையைத் தட்டிவிட்டீர்கள் சார். நான்தான் லீடர். நம்பர் டூ லீடரைப் போகச் சொல்ல முடியாது.”

அவர் மேசைக்கு மேலே நீண்டிருந்த இரண்டு கைகளையும் பார்த்தார். முன்னால் இருந்தது என் கை. அவர் தன் கையைக் கொஞ்சம் பின்னுக்கு இழுத்து, நம்பர் டூ இருக்க வேண்டிய இடத்தில் வைத்தார்.

“சரி. லீடர் முதலில் தன் தப்பைச் சொல்ல வேண்டும். ஆரம்பி.”

ஒரு வட்டம் அடித்து எரிபொருளை வீணாக்கியது, கோபுரத்திடம் இன்னும் முன்னாலேயே சொல்லாதது, கடைசித் திருப்பத்தில் சாய்வு அதிகம் கொடுத்தது, இன்ஜினை வழியில் அணையவிட்டது என்று ஒவ்வொன்றாகச் சொன்னேன். நான் விட்டதை அவர் எடுத்துக் கொடுத்தார். ஒன்றையும் விடவில்லை, பாவி மனிதர். அன்றைக்கே என் பெயரை வீர் சக்ரா விருதுக்குப் பரிந்துரைத்தார். நம்பர் டூவிடம் பொய் சொன்னதற்காக ஒரு வாரம் இரவுக் காவல் பணியும் போட்டார். இரண்டுக்கும் சேர்த்து ஒரே கையெழுத்துதான் போட்டிருப்பார் என்று எனக்கு இன்றுவரை சந்தேகம்.

விருது வாங்கிக்கொண்டு ஊருக்கு வந்தபோது தெருவே எங்கள் வீட்டில் இருந்தது. எல்லாரும் பதக்கத்தைக் கையில் வாங்கிப் பார்த்தார்கள். அப்பா மட்டும் பையிலிருந்து என் பறக்கும் கையுறையை எடுத்து, உள்ளங்கையால் தடவி, திருப்பிப் பார்த்தார். “ஆட்டுத்தோலு. பதம் கொஞ்சம் கம்மிதான். பரவால்ல, தாங்கியிருக்குது,” என்றார். கையுறையை அவர் கீழே வைக்கவே இல்லை.

குணசேகரன் கேட்ட கேள்விக்குப் பதில் இதுதான். பதக்கம் சுட்டதற்காகக் கொடுக்கவில்லை, விட்டுவிட்டு வராததற்காகக் கொடுத்தார்கள். அது கம்மி என்று நினைக்கிறவர்கள் என்னிடம் வந்து பேசலாம். கட்டுரையை இங்கேயே முடித்திருப்பேன். ஆனால் போன வருடம் நடந்ததையும் சொன்னால்தான் இது முழுசாகும்.

ரூஸ்தம் சார் புனேயில் மகள் வீட்டில் இருக்கிறார். மனைவி போய்ப் பல வருடம் ஆகிறது. பக்கவாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது, பேச்சும் போய்விட்டது. மகள் ரோஷன் போனில் அழுதாள். “அப்பாவுக்கு எதுவும் புரியவில்லை அங்கிள். எங்களைக் கண்டாலே கையை வீசிப் போகச் சொல்கிறார். சாப்பிட மாட்டேன் என்கிறார். உள்ளே அப்பா இருக்கிறாரா இல்லையா என்றே தெரியவில்லை.” காட்பாடியில் ரயில் ஏறிப் போனேன்.

ஜன்னலோரம் சக்கர நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். முடி கலைந்திருந்தது. அவரை அப்படி நான் பார்த்ததே இல்லை. என் முகத்தை வெகுநேரம் பார்த்தார். அப்புறம் இடது கையை மெதுவாகத் தூக்கிக் காதருகே கொண்டுபோய், கட்டைவிரலைக் கீழே காட்டினார்.

“இதைத்தான் அங்கிள், ஆஸ்பத்திரியிலிருந்து வந்த நாள் முதலா காட்டிக்கிட்டே இருக்கார்,” என்றாள் ரோஷன். “காது வலிக்குது போலன்னு காது டாக்டர்கிட்டகூடக் கூட்டிட்டுப் போனோம்.”

“காது இல்லம்மா. ரேடியோ போச்சுன்னு சொல்றார். அவருக்கு எல்லாம் தெரியுது. நீங்க பேசறதெல்லாம் கேக்குது. அவரால பேச முடியல, அவ்வளவுதான்.”

அவள் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். நான் அவருக்குக் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினேன். புரிந்தது சார். அவர் கண்ணில் தண்ணீர் வந்தது. இத்தனை நாள் அந்த மனிதர் ஒரே செய்தியைச் சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறார், பக்கத்தில் வந்து படிக்க ஒருவரும் இல்லாமல். நான் என் சட்டைப்பையிலிருந்து சீப்பை எடுத்து அவருடைய இடது கையில் கொடுத்தேன். கோணல்மாணலாக, ஆனால் முழுசாக, முடியை வாரிக்கொண்டார். அதுவரை நான் எதுவும் பேசவில்லை. சாப்பாட்டுத் தட்டு வந்ததும் கட்டைவிரலை என் வாயிடம் கொண்டுபோய்க் காட்டினேன், எவ்வளவு வேண்டும் என்று. இரண்டு விரல் நீட்டினார். ரோஷன் இரண்டு ரொட்டி வைத்தாள். இரண்டையும் சாப்பிட்டார்.

சாயங்காலம் எனக்கு ரயில். நான் கைக்கடிகாரத்தைப் பார்த்ததை அவர் பார்த்துவிட்டார். இடது கையை முன்னால் வீசினார். போய்விடு.

நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். மறுபடி வீசினார்.

திரும்பி, அவரை நேராகப் பார்த்து, என் வழுக்கைத் தலையைத் தட்டினேன்.

பாதி வாய்தான் அசையும் அவருக்கு. அந்தப் பாதி வாயால் சிரித்தார். பிறகு பழையபடி முஷ்டியை ஆட்டித் திட்டினார். நான் நாற்காலியை இன்னும் கொஞ்சம் நெருக்கிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன்.